சிரிச்சிட்டு எந்திரி

சினிமாக்காரர்கள் இரும்பை வாடகைக்குக் கேட்டு வந்த அன்று சாத்தாங்காட்டு இரும்பு மார்க்கெட்டின் எடை மேடையில் நான்தான் உட்கார்ந்திருந்தேன். அங்கே பில் போடுவது என் வேலை. லாரி மேடையில் ஏறி நிற்கும், எடை என் திரையில் தெரியும், சீட்டைக் கிழித்துக் கொடுத்தால் இறங்கிப் போகும். இரும்பை விற்க வருகிறவர்கள் தெரியும், வாங்க வருகிறவர்கள் தெரியும், ராத்திரியில் திருட வருகிறவர்களைக்கூட முகம் பார்த்தால் சொல்லிவிடுவேன். வாடகைக்கு வேண்டும் என்று கேட்ட முதல் மனிதன் அந்த டைரக்டர்தான்.

வியாசர்பாடிக்காரன். ஒல்லி. முப்பதைத் தொடாத வயது. எதிரி நாட்டு எல்லைக்குள் மாட்டிக்கொண்ட ஆறு சிப்பாய்களின் கதையைப் படமாக எடுக்கப் போகிறானாம். உடைந்த டாங்கி ஒன்று வேண்டும், வாங்க வசதி இல்லை, பழைய பாய்லரும் நாலு குழாயும் தகடும் கொடுத்தால் டாங்கி மாதிரி அடுக்கிக்கொள்கிறோம், படம் முடிந்ததும் அப்படியே கொண்டுவந்து போட்டுவிடுகிறோம் என்றான். எங்கள் முதலாளிக்கு இது வேடிக்கையாக இருந்தது. போகும்போது ஒரு எடை, வரும்போது ஒரு எடை, குறையக் கூடாது என்று சொல்லிக் கொடுத்துவிட்டார். அப்படி அந்தப் போரின் ஒரே டாங்கிக்கு எடைச் சீட்டு போட்டவள் நான்.

அதை எண்ணூருக்கு ஏற்றிப் போனவர் என் வீட்டுக்காரர். துறைமுகத்துக்கும் கண்டெய்னர் யார்டுக்கும் டிரெய்லர் ஓட்டுகிறவர். இறக்கிப் போட்டுவிட்டு வர வேண்டியதுதானே? வேடிக்கை பார்த்துக்கொண்டு நின்றிருக்கிறார். ஹவில்தாராக நடிக்க வேண்டியவர் சீரியலில் வாய்ப்பு வந்தது என்று கழன்றுகொண்டாராம். டைரக்டர் கண்ணில் இவருடைய மீசை பட்டுவிட்டது. வீட்டுக்கு வந்து வாசலிலேயே விறைப்பாக நின்று ஒரு சல்யூட் அடித்தார். லாரியை யார் ஓட்டுவது என்று கேட்டேன். ஹவில்தார் லாரி ஓட்டக் கூடாது என்று எங்கேயும் எழுதி வைக்கவில்லையே என்றார். இந்த மனிதரை வைத்துக்கொண்டு நான் என்ன செய்ய?

வேறு படமாக இருந்தால் நல்ல நாள் பார்த்துப் பூஜை போடுவார்கள். இவர்கள் கல்யாணம் இல்லாத நாளாகப் பார்த்துப் போர் தொடுத்தார்கள். காரணம் கேமரா. அது டைரக்டருடைய தோஸ்து ஒருவருடையது. அவர் ராயபுரத்து மாதா கோயில் கல்யாணங்களுக்கு வீடியோ எடுக்கிறவர். தவக்காலத்தில் எங்கள் ஆட்கள் கல்யாணம் வைப்பதில்லை, ஈஸ்டர் வரை கேமரா பீரோவில்தான் தூங்கும். அதை எடுத்துக்கொள் என்று கொடுத்துவிட்டார். சாம்பல் புதன் அன்று நானும் இவரும் கோயிலுக்குப் போய் நெற்றியில் சாம்பல் வாங்கிக்கொண்டு வந்தோம். மறுநாளே இவர் எண்ணூர்ச் சாம்பலில் உருளப் போய்விட்டார்.

அந்தச் சாம்பலையும் சொல்லியாக வேண்டும். கதை நடப்பது பனி மலையில். எண்ணூரில் பனிக்கு எங்கே போவது? அனல்மின் நிலையத்துச் சாம்பல் கொட்டிக் கிடக்கும் மேட்டில் எடுத்து, படத்தைக் கறுப்பு வெள்ளையாக்கிவிட்டால் பனிதான் என்று டைரக்டர் முடிவு செய்துவிட்டான். பங்குனி வெயிலில் ஆறு பேரும் ஸ்வெட்டர் போட்டுக்கொண்டு நடுங்க வேண்டும். இவர் வியர்வை சொட்டச் சொட்ட நடுங்கினார். எதிரி என்று ஒருவனைக்கூடக் காட்டவில்லை, அதற்கும் ஆள் பிடிக்க முடியவில்லை. தூரத்தில் டார்ச் வெளிச்சம் தெரியும், குண்டுச் சத்தம் கேட்கும், அவ்வளவுதான். பயப்படுகிற முகம் இருந்தால் போதும், எதிரி எதற்கு என்று டைரக்டர் கேட்டான். அப்போது அதைச் சமாளிப்பு என்றுதான் நினைத்தேன்.

ஆனால் அந்தப் பையன் மேல் எனக்கு ஒரு மரியாதை உண்டு. ஏன் போர்ப் படம், உனக்கும் மிலிட்டரிக்கும் என்ன சம்பந்தம் என்று ஒரு நாள் எடை மேடையில் நிற்க வைத்துக் கேட்டேன். 

"சினிமாவுல நம்ம ஏரியான்னாலே கையில கத்திய குடுத்துடறாங்கக்கா. நான் ஒரு தபா துப்பாக்கிய குடுத்து நல்லவனா காட்டலாம்னு பாக்குறேன்" என்றான்.

அவனுடைய சிப்பாய்கள் ஆறு பேரும் எங்கள் ஏரியாப் பேச்சைத்தான் பேசினார்கள். சினிமாவில் எங்கள் பேச்சு வந்தாலே சிரிக்கத் தயாராகிவிடுகிற ஜனங்கள் நாட்டில் நிறைய உண்டு. இந்தப் படத்தில் ஹவில்தார் எங்கள் பேச்சில் சாகிறார். எனக்கு அது பெருமையாக இருந்தது, பொய் சொல்வானேன்.

ஒரே ஒரு நாள் நான் ஷூட்டிங் பார்க்கப் போனேன். அன்றைக்கு ஆறு பேரில் இளையவன் சாகிற காட்சி. நிஜத்தில் அவன் காசிமேட்டில் ஐஸ் கம்பெனியில் வேலை பார்க்கிறவன். குண்டு பட்டு விழுந்தான், கண் செருகியது, டைரக்டர் கட் சொன்னான். பையன் சாம்பலைத் தட்டிக்கொண்டு எழப் போனான். தூரத்தில் பெட்டியோடு உட்கார்ந்திருந்த மேக்கப்காரர் ஒரு அதட்டல் போட்டார். கோடம்பாக்கத்தில் பெரிய பெரிய படங்களில் வேலை பார்த்துத் தலை நரைத்தவர், இந்தப் பையன்களுக்காக ரயில் ஏறி வந்துகொண்டிருந்தார்.

"எந்திரிக்காதடா. கேமராவ பார்த்துச் சிரிச்சிட்டு எந்திரி."

பையன் படுத்தபடியே ஈ என்று இளித்தான். கேமரா அதையும் எடுத்தது. அப்புறம்தான் எழ விட்டார்கள். இது என்ன கூத்து என்று மேக்கப்காரரிடம் போய்க் கேட்டேன். செத்தவராக நடிக்கிற யாரும் அந்தக் கேமராவைப் பார்த்துச் சிரித்துவிட்டுத்தான் எழ வேண்டுமாம், பெரிய ஹீரோவானாலும் சரி. சாவைப் பார்த்த கண்ணு எதுவோ அதே கண்ணு சிரிப்பையும் பார்க்கணும்மா, இல்லேன்னா செத்தது மட்டும் உள்ளே தங்கிடும் என்றார். சொல்லும்போது அவர் முகத்தில் விளையாட்டு இல்லை.

நாங்கள் ராயபுரத்தில் ஞானஸ்நானம் வாங்கியவர்கள். பூனை குறுக்கே போனால் பூனைக்கு வேலை இருக்கிறது என்று சொல்லிவிட்டு நடப்பவள் நான். வண்டியில் எலுமிச்சம்பழம் கட்டச் சொன்ன கிளீனரை இவர் முன்னாலேயே திட்டியிருக்கிறேன். இருந்தும் அந்த வழக்கம் எனக்குப் பிடித்திருந்தது. வீட்டுக்கு வருகிற வழியெல்லாம் அந்த ஐஸ் கம்பெனிப் பையனின் இளிப்பை நினைத்துச் சிரித்துக்கொண்டு வந்தேன்.

இவருடைய சாவுக்கு ஒரு வசனம் இருந்தது. காலில் குண்டு பட்டு நடக்க முடியாமல் போன ஹவில்தார், தன்னால் மற்றவர்கள் மாட்டிக்கொள்ளக் கூடாது என்று பொய் சொல்லி அனுப்பிவைப்பார். "நீங்க முன்னாடி நடங்கடா. நான் பின்னால வந்துகினே கீறேன்." அவர்கள் போவார்கள். இவர் வர மாட்டார். இதைப் பழகுகிறேன் என்று வீட்டில் இவர் என் உயிரை எடுத்தார். மார்க்கெட்டுக்கு வாய்யா என்றால், நீ முன்னாடி நட மே, நான் பின்னால வந்துகினே கீறேன் என்று சொல்லிவிட்டுக் கட்டிலில் படுத்துக்கொள்வார். பூசைக்கு நேரமாகிவிட்டது என்றாலும் அதே பதில். கரண்டியைத் தூக்கி எறிந்திருக்கிறேன்.

சாகிற காட்சியைக் குருத்து ஞாயிற்றுக்கு முந்தின நாள் எடுத்தார்கள். இவருக்கு அன்றோடு வேலை முடிந்தது, மற்றவர்களுக்கு மட்டும் இன்னும் கொஞ்சம் பாக்கி. எனக்கு எடை மேடையில் லீவு கிடைக்கவில்லை. தலை முதல் கால் வரை சாம்பலும் சட்டை முழுக்கச் செயற்கை ரத்தமுமாக வந்து நின்றார். அந்தச் சட்டையை இனி வாடகைக் கடையில் திருப்பித் தர முடியாது என்று இவரிடமே விட்டுவிட்டார்களாம். குளித்துவிட்டுச் சாப்பிட உட்கார்ந்தவர், எல்லாரும் கை தட்டியதையும் டைரக்டர் கண்ணைத் துடைத்துக்கொண்டதையும் சொல்லிச் சொல்லி மாய்ந்துபோனார். நான் மீன் குழம்பை ஊற்றிக்கொண்டே விளையாட்டாகத்தான் கேட்டேன்.

"சிரிச்சியா?"

"இன்னாத்துக்கு?"

"செத்ததுக்கு அப்பால. கேமராவ பாத்து."

சோற்றில் கை அப்படியே நின்றது. மேக்கப்காரர் அன்றைக்கு வரவில்லையாம், வேறு படத்துக்குப் போய்விட்டாராம். கட் சொல்லவும் கடல் காத்து தூக்கவும் சரியாக இருந்ததாம். சாம்பல் பறந்து கண்ணைத் திறக்க முடியவில்லை, கேமராவைக் காப்பாற்றினால் போதும் என்று பைக்குள் போட்டுக்கொண்டு ஓடியிருக்கிறார்கள். சிரிக்கலை மே என்றார். சொல்லிவிட்டு, அத வுடு, மீன் சோக்கா கீது என்று பேச்சை மாற்றினார்.

நானும் விட்டேன். விட்டதாக நினைத்தேன். பரிசுத்த வாரம் முழுக்க அது தொண்டையில் மீன் முள் மாதிரி கிடந்தது. கோயில் சாமியாரிடம் கேட்டால் என்ன சொல்வார் என்று எனக்குத் தெரியும், அதனால் கேட்கவில்லை. படம் முடிந்து டாங்கி திரும்பி வந்தது. எடை போட்டேன். போனதைவிடக் கொஞ்சம் கூடுதலாக இருந்தது, இடுக்கெல்லாம் சாம்பல். முதலாளி சிரித்தார்.

ஈஸ்டர் கழிந்து ஒரு நாள் காலை இவருடைய டிரெய்லர் எடை மேடையில் ஏறியது. நான் எடையைப் பார்த்துச் சீட்டைக் கிழித்து வெளியே நீட்டினேன். வாங்க ஆள் வரவில்லை. வண்டியும் இறங்கவில்லை. பின்னால் நிற்கிற வண்டிகள் ஹாரன் அடித்துக் காதைக் கிழித்தன. உள்ளே உட்கார்ந்து இன்னா வேடிக்கை என்று கத்திக்கொண்டே வெளியே வந்தேன். இவர் ஸ்டியரிங்கில் நெற்றியை வைத்துக் கிடந்தார். காஸ் மே, ஒரு சோடா குடிச்சா சரியாப் பூடும் என்றார். முகம் அந்தச் சாம்பல் நிறத்தில் இருந்தது. சோடாவுமாச்சு கீடாவுமாச்சு என்று ஆட்டோவில் தூக்கிப் போட்டுக்கொண்டு பெரிய ஆஸ்பத்திரிக்குப் போனேன்.

இதயத்துக்குப் போகிற குழாய்களில் அடைப்பு, நெஞ்சைத் திறந்து ஆபரேஷன் செய்ய வேண்டும் என்றார்கள். தேதி வரும்வரை மாத்திரை போட்டுக்கொண்டு வீட்டில் இருக்கலாம், படி ஏறக் கூடாது, கனம் தூக்கக் கூடாது. இவர் வார்டில் இருந்த எல்லாரிடமும் தான் ஒரு சினிமா நடிகன் என்று சொல்லி வைத்திருந்தார். ஊசி போட வந்த நர்ஸ் பெண்ணிடம் உனக்கு டிக்கெட் ப்ரீம்மா என்றார். வீட்டுக்கு வந்த பிறகும் அப்படித்தான். எதைக் கேட்டாலும் ஜோக். ஆபரேஷன் என்ற வார்த்தையை மட்டும் அவரும் சொல்லவில்லை, நானும் சொல்லவில்லை.

பெங்களூரில் வேலை செய்யும் எங்கள் மகள் போனில் டாக்டர் சொன்னதையெல்லாம் எனக்குப் புரிகிற மாதிரி விளக்கினாள். இந்தக் காலத்தில் இது ரொம்பச் சாதாரணமான ஆபரேஷன், பயப்படாதே என்றாள். எனக்குப் புரிந்தது. புரிந்தால் பயம் போய்விடுமா? கண்ணை மூடினால் சாம்பலில் கிடக்கிற இவருடைய முகம். அந்தக் கேமராவுக்குள் இவர் செத்தது செத்தபடி இருக்கிறது. கடைசியில் வெட்கத்தை விட்டு டைரக்டருக்குப் போன் போட்டேன்.

அவன் சிரிக்கவில்லை. அதற்காகவே அந்தப் பையனை நான் என்றைக்கும் விட்டுக்கொடுக்க மாட்டேன். என் தப்புதான்க்கா என்றான். அந்தச் சிரிப்பை என் போனிலேயே எடுத்துவிடலாமா என்று கேட்டேன். அவன் மேக்கப்காரரைக் கேட்டுச் சொல்கிறேன் என்று வைத்துவிட்டு உடனே திரும்பக் கூப்பிட்டான். போன் ஆகாதாம், அதே கேமராதான் வேண்டுமாம், முடிந்தால் அதே சட்டை. ஆனால் ஈஸ்டர் முடிந்ததிலிருந்து கேமராவுக்கு மூச்சு விட நேரமில்லை. கோயிலில் கல்யாணம் மேல் கல்யாணம். ஒரு நாள்கூடச் சும்மா இல்லை என்று அந்தத் தோஸ்து கையை விரித்துவிட்டார். அப்படியானால் கல்யாணத்துக்கே வந்துவிடுகிறோம் என்றேன்.

டைரக்டருக்கு ஒரு காட்சி பாக்கியாம், கொஞ்ச நேர வேலை என்று இவரிடம் சொன்னேன். அவர் முட்டாள் இல்லை. என்ன காட்சி என்று கேட்கவில்லை. நான் துவைத்தும் கறை போகாத அந்தச் சட்டையை அவரே மடித்துப் பையில் வைத்துக்கொண்டார்.

யாரோ முன்பின் தெரியாதவர்கள் வீட்டுக் கல்யாண வரவேற்பு. ராயபுரத்தில் கோயிலை ஒட்டின ஹால். நான் பட்டுப் புடவை கட்டிக்கொண்டு போனேன், அழையாத வீட்டுக்குப் போகும்போது உடுப்பாவது ஒழுங்காக இருக்கட்டும் என்று. ஹாலுக்குப் பின்பக்கம் பிரியாணி தேக்சாக்கள் இறக்கி வைத்த இடத்தில் இவர் சட்டை மாற்றினார். மேக்கப்காரர் பெட்டியோடு வந்திருந்தார். நாங்கள் கூப்பிடவே இல்லை. அன்றைக்கு நான் வந்திருக்கணும் என்று மட்டும் சொல்லிவிட்டு, இவர் நெற்றியில் சாம்பல் தடவி, காய்ந்த கறை மேல் புது ரத்தம் வைத்தார். கல்யாணப் பெண்ணின் தகப்பனார் அந்த வழியாக வந்தார், யூனிபாரத்தைப் பார்த்து மிலிட்டரிக்காரர் என்றே நினைத்துவிட்டார். பார்டர்ல அடிபட்டுட்டு நேரா வந்துட்டீங்களா என்று பதறிப்போய் நாற்காலி எடுத்து வந்து போட்டார். சினிமா என்று சொன்னதும் கோபித்துக்கொள்ளவில்லை. சாப்பிடாமல் போகக் கூடாது என்று கையைப் பிடித்துச் சொல்லிவிட்டுப் போனார்.

கேக் வெட்டி முடித்துப் போட்டோ வரிசை தொடங்குவதற்குள் வீடியோக்காரர் கேமராவைத் தூக்கிக்கொண்டு ஓடிவந்தார். இவர் சிமென்டுத் தரையில் படுத்தார். டைரக்டர் குனிந்து தலையை இடப்பக்கம் சாய்த்து, ஒரு கையை நெஞ்சில் எடுத்து வைத்தான். எண்ணூரில் கிடந்தது போலவே. நான் அதை நேரில் பார்ப்பது அப்போதுதான். சுவரைப் பிடித்துக்கொண்டேன். டைரக்டர் மெதுவாக, சிரி நைனா என்றான்.

இவர் கண்ணைத் திறந்தார். உதடு இழுத்துக்கொண்டது. ஊரையே சிரிக்க வைக்கிற மனிதர், பிணம் கிடக்கிற வீட்டில்கூட நாலு பேரைச் சிரிக்க வைத்துவிட்டு என்னிடம் திட்டு வாங்குகிறவர். அவருக்கு வரவில்லை. இன்னொரு தரம் முயற்சி செய்தார். கண்ணோரம் தண்ணீர் இறங்கிச் சாம்பலில் கோடு போட்டது. கேமராவை விட்டுவிட்டு என்னைப் பார்த்தார்.

"பயமா கீது மே."

கல்யாணமான நாளிலிருந்து அந்த வார்த்தையை அவர் வாயில் நான் கேட்டதில்லை. ஹாலுக்குள் பாட்டு அலறிக்கொண்டிருந்தது. வீடியோக்காரர் கேமராவைக் கீழே இறக்கிவிட்டார். நான் போய் அந்தத் தரையில், பட்டுப் புடவையோடு, அவர் பக்கத்தில் உட்கார்ந்தேன்.

"எனக்கும்தான்யா" என்றேன்.

அதற்கு மேல் அவரைச் சிரிக்கச் சொல்லி ஒருவரும் கேட்கவில்லை. சிரிச்ச மாதிரிதான்க்கா பதிஞ்சிருக்கு, போதும் என்று வீடியோக்காரர் சொன்னார். நல்ல மனுஷன், பொய் சொல்லத் தெரியவில்லை. மேக்கப்காரர் பஞ்சை நனைத்து இவர் முகத்தைக் குழந்தைக்குத் துடைப்பது போலத் துடைத்துவிட்டார். பெண்ணின் தகப்பனார் எங்களைப் பந்தியில் உட்கார வைத்துவிட்டுத்தான் நகர்ந்தார். ஆட்டுக்கறியைத் தொடக் கூடாது என்று டாக்டர் சொல்லியிருந்தார். இவர் ஒரு துண்டு எடுத்துச் சாப்பிட்டார், நான் அந்தப் பக்கம் பார்த்துக்கொண்டேன். வீட்டுக்குத் திரும்பும்போது ஆட்டோவில் என் கையைப் பிடித்துக்கொண்டே வந்தார். ஆபரேஷன் எத்தனை மணி நேரம் நடக்கும், யார் கூட இருக்கலாம், மகள் என்றைக்கு வருவாள் என்று முதல் தடவையாக அன்றைக்குத்தான் பேசினோம்.

ஆனால் சிரிப்பு பாக்கியாகவே நின்றுவிட்டது. அது எனக்குத் தெரியும்.

ஆபரேஷன் அன்று காலை ஸ்ட்ரெச்சரில் தள்ளிக்கொண்டு போனார்கள். நானும் மகளும் கூடவே நடந்தோம். ஒரு கதவு வரைதான், அதற்கு மேல் யாரும் வரக் கூடாது என்று நிறுத்திவிட்டார்கள். ஊசி போட்டிருந்ததால் இவருக்குக் கண் பாதி செருகியிருந்தது. என்னைப் பார்த்துக் கையை லேசாகத் தூக்கி, பழக்க தோஷத்தில் அதைச் சொல்லிவிட்டார்.

"நீ முன்னாடி நட மே. நான் பின்னால வந்துகினே கீறேன்."

உலகத்தில் வேறு பேச்சே கிடைக்கவில்லையா இந்த மனிதருக்கு? வாயை மூடுய்யா, அந்தப் பேச்சை மட்டும் பேசாதே என்று ஆஸ்பத்திரி என்றும் பார்க்காமல் கத்தினேன். மகள் என் தோளைப் பிடித்து அமுக்கினாள். அதற்குள் கதவு மூடிவிட்டது. அவர் சிரித்தாரா இல்லையா என்று பார்க்க முடியவில்லை. அந்தப் பகல் எப்படிப் போனது என்று என்னைக் கேட்காதீர்கள். ஜெபமாலையைக் கையில் வைத்துக்கொண்டு ஜெபமே சொல்லாமல் உட்கார்ந்திருந்தேன், அது மட்டும் ஞாபகம் இருக்கிறது.

வந்தார். சொன்னபடி பின்னாலேயே வந்தார். நெஞ்சில் நீளமாகத் தையல், மூக்கில் குழாய், தலையணையைக் கட்டிக்கொண்டு இருமல். வீட்டுக்கு வந்த பிறகும் ரொம்ப நாள் பேச்சு குறைந்துதான் இருந்தது. நடு நடுவே நெஞ்சைத் தடவிப் பார்த்துக்கொள்வார். அவர் தூங்கும்போது நான் மூக்கருகே கை வைத்துப் பார்ப்பேன். குறட்டைச் சத்தம் கேட்டால் நிம்மதி. இத்தனை வருடம் எந்தக் குறட்டைக்காக அவரைத் திட்டித் தீர்த்தேனோ அதற்காகவே காதைத் தீட்டிக்கொண்டு கிடந்தேன். இன்னும் சிரிக்கவில்லை, இன்னும் சிரிக்கவில்லை என்று மனதுக்குள் ஒன்று முணுமுணுத்துக்கொண்டே இருக்கும். பைத்தியக்காரத்தனம்தான். போகச் சொன்னால் போகிறதா?

படம் வருமா வராதா என்று ஒரு வருடத்துக்கு மேல் இழுத்தது. கடைசியில் அடுத்த வருடத்து மழைக்காலத்தில், திருவொற்றியூரில் ஒரு தியேட்டரில் பகல் காட்சி மட்டும் கிடைத்தது. டைரக்டர் நேரில் வந்து கூப்பிட்டான். நான் போக மாட்டேன் என்றேன். இவர், நான் போவேன், நீ வேணும்னா வா என்றார். தனியாக அனுப்பிவிடுவேனா?

கூட்டம் என்று சொல்ல முடியாது. ஐஸ் கம்பெனிப் பையன் குடும்பத்தோடு வந்திருந்தான். மேக்கப்காரர் ஒரு ஓரத்தில். மற்றபடி மழைக்கு ஒதுங்கியவர்களும் இருந்திருப்பார்கள். படம் தொடங்கியது. சத்தியமாகச் சொல்கிறேன், அது பனிதான். சாம்பல் என்று தெரிந்த எனக்கே குளிர்ந்தது. எங்கள் சாத்தாங்காட்டுப் பாய்லர் டாங்கியாகச் சாய்ந்து கிடந்தது. ஆறு பேரும் எங்கள் பேச்சில் பேசினார்கள், தியேட்டரில் ஒருவர்கூடச் சிரிக்கவில்லை. வராத எதிரிக்குப் பயந்து அவர்கள் பதுங்கும்போது எனக்கு அந்த ஆஸ்பத்திரி வராந்தா ஞாபகம் வந்தது. ஐஸ் கம்பெனிப் பையன் செத்தான், அவனுடைய அம்மா முன் வரிசையில் விசும்பினாள்.

அப்புறம் ஹவில்தாரின் முறை. பெரிய திரையில் அவருடைய முகம், அந்த மீசை. நீங்க முன்னாடி நடங்கடா என்றார். மற்றவர்கள் திரும்பித் திரும்பிப் பார்த்துக்கொண்டே போனார்கள். சாம்பல் காற்று எழும்பியது. தலை இடப்பக்கம் சாய்ந்தது. எனக்குத் தாங்கவில்லை. திரையை விட்டுவிட்டுப் பக்கத்துச் சீட்டைப் பார்த்தேன்.

அங்கேயும் தலை இடப்பக்கம் சாய்ந்து கிடந்தது. கண் மூடியிருந்தது. ஒரு கை நெஞ்சில். குறட்டை இல்லை.

கூப்பிட வாயைத் திறந்தேன், சத்தம் வரவில்லை. அவர் தொடையில் பலம்கொண்ட மட்டும் கிள்ளினேன். அவர் துள்ளிக் கண்ணைத் திறந்தார். திரை வெளிச்சத்தில் என் முகத்தைப் பார்த்தார், அப்புறம் திரையில் செத்துக் கிடக்கிற தன்னைப் பார்த்தார். விஷயம் புரிந்துவிட்டது. பழையபடி, பல் எல்லாம் தெரிய, என்னைப் பார்த்துச் சிரித்தார். ஆபரேஷனுக்கு அப்புறம் நான் பார்த்த முதல் முழுச் சிரிப்பு அதுதான். நான் அவர் தோளில் ரெண்டு அடி போட்டேன். அழுதுகொண்டே அடித்தேன். பின்னால் இருந்தவர் உஸ் என்றார்.

"சிரிச்சிட்ட இல்ல? எந்திரி, வூட்டுக்குப் போலாம்" என்றேன்.

அவர் எழவில்லை. திரையில் மீதி நாலு பேர் சாம்பல் மேட்டில் ஏறிக்கொண்டிருந்தார்கள். சீட்டில் நிமிர்ந்து உட்கார்ந்து என் கையை இழுத்துத் தன் மடியில் வைத்துக்கொண்டார்.

"இரு மே. நான் செத்ததுக்கு அப்பால இன்னா ஆச்சின்னு எனக்குத் தெரியாதுல்ல. பாத்துட்டு போலாம்."

உட்கார்ந்தேன். கடைசி வரை பார்த்தோம்.